மூட்டை தூக்கும் எட்வர்ட் ஜி. ராபின்சன்

போன வருடம் எங்கள் தளத்தில் வேலை முடிந்து ஒப்படைக்கும் நேரம். மேலாளர் கூப்பிட்டு, வாடிக்கையாளரிடம் காட்ட நாலு நிமிட வீடியோ ஒன்று தயார் பண்ணச் சொன்னார். படகுத்துறை ஒன்றை நீட்டிக்கும் வேலை அது. பத்து மாதமாக ஒரு கம்பத்தின் உச்சியில் கேமரா ஒன்று பத்து நிமிடத்துக்கு ஒரு படம் எடுத்துக்கொண்டே இருந்தது. எல்லாவற்றையும் வேகமாக ஓட்டினால் கடலுக்குள் தூண்கள் முளைக்கும், கிரேன்கள் தலையாட்டும், கான்கிரீட் தளம் தன்னால் பரவும். பார்க்க அழகாகவே இருந்தது. மனிதர்கள்தான் இல்லை. பத்து நிமிடத்துக்கு ஒரு படம் என்றால் ஒரு ஆள் ஒரு படத்தில் இருப்பார், அடுத்ததில் இருக்க மாட்டார். ஓட்டும்போது கண்ணில் தங்குவதில்லை.

கைப்பேசியில் எடுத்த துண்டுகளில் ஆட்கள் இருந்தார்கள். ஒருவர் தலைக்கவசத்தின் வாரை மாட்டியிருக்கவில்லை. ஒருவர் சிமெண்டுப் பையில் தலைவைத்துத் தூங்கிக்கொண்டிருந்தார். இரண்டு பேர் கம்பிக்கட்டு ஒன்றைத் தோளில் தூக்கிப் போனார்கள். அதற்கு இயந்திரம் இருக்கிறதே என்று பார்க்கிறவர்கள் கேட்பார்கள். எல்லாவற்றையும் வெட்டினேன். வெட்டு என்று யாரும் சொல்லவில்லை. எனக்கே தெரிந்திருந்தது.

அப்போது தஞ்சாவூர்ப் பக்கத்து அண்ணன் ஒருவர் என் கணினியை எட்டிப் பார்த்துக் கேட்டார். “சார், நாங்கள்லாம் வர்றோமா அதுல?”

“வருவீங்கண்ணே” என்றேன்.

இரண்டு மாதம் கழித்து நண்பன் வீட்டில் ஒரு பழைய பிரெஞ்சுப் படத்தைப் பார்க்காமல் இருந்திருந்தால் அந்தப் பொய்யை மறந்துபோயிருப்பேன்.

*

படத்தின் பெயர் ‘முவா, அன் நுவார்’. ‘நான், ஒரு கறுப்பன்’ என்று பொருள். எடுத்தவர் ழான் ரூஷ். 1957இல் ஐவரி கோஸ்ட்டின் அபிஜான் நகரில் படமாக்கி, 1958இல் முடித்தது. அப்போது ஐவரி கோஸ்ட் பிரான்ஸின் காலனி. விடுதலை 1960இல்தான் வருகிறது.

நைஜரிலிருந்து வேலை தேடி அபிஜானுக்கு வந்த சில இளைஞர்களின் ஒரு வாரம்தான் கதை. அவர்கள் இருப்பது ட்ரெஷ்வில் என்ற பகுதி. காயலுக்கு அந்தப்பக்கம் பிளாட்டோ, வெள்ளைக்காரர்களின் அலுவலகங்களும் வீடுகளும். இந்தப்பக்கம் ட்ரெஷ்வில், ஆப்பிரிக்கர்களின் குடியிருப்பு. நடுவே 1957இல் திறந்த புதுப் பாலம். இளைஞர்கள் தங்களுக்குத் தாங்களே பெயர் வைத்துக்கொண்டிருக்கிறார்கள். ஒருவன் ஹாலிவுட் நடிகர் எட்வர்ட் ஜி. ராபின்சன். ஒருவன் எடி கான்ஸ்டன்டைன். டாக்சி ஓட்டுகிறவன் டார்ஸான். ராபின்சன் விரும்பும் பெண் டோரத்தி லமூர். ராபின்சன் துறைமுகத்தில் தினக்கூலி. காலையில் போய் நிற்பான், வேலை கிடைத்தால் மூட்டை தூக்குவான், கிடைக்காவிட்டால் திரும்பி நடப்பான்.

ராபின்சனாக வருபவர் உமாரூ கான்டா. அந்தத் துறைமுகத்தில் உண்மையாகவே வேலை பார்த்தவர். அதற்கு முன்னால் பிரெஞ்சு ராணுவத்தில் சேர்ந்து இந்தோசீனாவில் போரிட்டுத் திரும்பியவர். அபிஜானுக்கு வந்த நைஜர்க்காரர்களைப் பற்றி ரூஷ் ஆய்வு செய்துகொண்டிருந்தார். அந்த ஆய்வுக்குக் கணக்கெடுக்கும் ஆளாகத்தான் கான்டா அவரிடம் சேர்ந்தார்.

ரூஷிடம் இருந்தது கையால் சாவி முறுக்கும் 16 மில்லிமீட்டர் கேமரா. ஒரு முறுக்குக்கு இருபத்தைந்து வினாடிதான் ஓடும். படத்தோடு சேர்த்துப் பேச்சைப் பதிவுசெய்ய வழியில்லை. அதனால் ஊமைப்படமாகவே எடுத்து முடித்து, பிறகு அதைக் கான்டாவுக்கு ஓட்டிக் காட்டி, பார்த்துக்கொண்டே பேசச் சொன்னார். எழுதிக்கொடுத்த வசனம் கிடையாது. திரையில் தன்னையே பார்க்கும் ஒருவர், அந்த நேரத்தில் வாயில் வந்ததைச் சொல்கிறார். தன்னைக் கிண்டல் பண்ணுகிறார், புலம்புகிறார், கனவு காண்கிறார். குத்துச்சண்டை வீரனாகி வளையத்துக்குள் நிற்பதாக ஒரு கனவு. கடைசியில் காயலோரம் நண்பனோடு நடக்கும்போது சின்ன வயதில் நைஜர் ஆற்றில் நீந்தியதும் இந்தோசீனப் போரும் ஞாபகத்துக்கு வர, கைக்குண்டு எறிந்து, தரையில் உருண்டு, போரை நடித்துக் காட்டுகிறார். அத்தனையும் செய்தேன், எதுவும் எனக்கு உதவவில்லை என்கிற மாதிரி பேசுகிறார்.

அவர் கூலிக்குப் போகும் அந்தத் துறைமுகத்துக்கும் ஒரு கதை இருக்கிறது.

*

துறைமுகம் வருவதற்கு முன்னால் அந்தக் கரையில் கப்பல் ஒதுங்கவே முடியாது. கடலுக்கும் எப்ரியே காயலுக்கும் நடுவே நீண்ட மணல்திட்டு. கப்பல்கள் தூரத்தில் நிற்கும். கடலுக்குள் நீட்டிக் கட்டிய இரும்புப் பாலங்களிலிருந்து படகுகளுக்குச் சரக்கை இறக்கி ஏற்றுவார்கள். ஆட்களைக்கூடக் கூடையில் உட்காரவைத்து இறக்குவார்களாம். மணல்திட்டை வெட்டிக் காயலுக்குள் கப்பலை விட்டால் போதும், இயற்கையாக அமைந்த துறைமுகம் கிடைத்துவிடும். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே ஒரு கால்வாய் வெட்டிப் பார்த்தார்கள். மணல் வந்து தூர்த்துவிட்டது.

அந்தக் கரையில் அலை மணலை ஓயாமல் மேற்கிலிருந்து கிழக்கே தள்ளிக்கொண்டிருக்கும். எந்த வாயைத் திறந்தாலும் மணல் வந்து மூடும். இரண்டாவது முயற்சியில் பொறியாளர்கள் வேறு மாதிரி யோசித்தார்கள். கரைக்கு மிக அருகில் கடலடியில் ஓர் ஆழமான பள்ளத்தாக்கு இருக்கிறது. ‘அடியில்லாத குழி’ என்று பிரெஞ்சில் அதற்குப் பெயர். கால்வாயின் வாயை அதன் பக்கத்தில் அமைத்து, அலைதடுப்புச் சுவரையும் அதற்கேற்றபடி நீட்டினால், வருகிற மணலெல்லாம் குழிக்குள் விழுந்துவிடும். அப்படி வெட்டியதுதான் விரிடி கால்வாய். நீளம் ஏறத்தாழ 2.7 கிலோமீட்டர், அகலம் 370 மீட்டர். 1930களில் தொடங்கி, உலகப்போரால் தடைபட்டு, 1950இல் திறந்தது. 1951 பிப்ரவரியில் துறைமுகத் திறப்பு விழாவுக்கு பிரான்ஸிலிருந்து வந்த அமைச்சர் பிரான்சுவா மித்தரான், பின்னாளில் அந்நாட்டின் அதிபரானவர்.

இதைப் படித்தபோது எனக்குப் புல்லரித்தது. மறைக்க விரும்பவில்லை. மணலோடு சண்டை போடாமல், அது போய் விழ ஓர் இடம் காட்டியிருக்கிறார்கள். படித்த காலத்தில் இப்படியொரு தீர்வைத் தேர்வில் எழுதியிருந்தால் நானே என்னை மெச்சியிருப்பேன்.

ஆனால் தேதிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. பிரெஞ்சு ஆப்பிரிக்கக் காலனிகளில் கட்டாய உழைப்பு சட்டப்படி ஒழிந்தது 1946இல். ஐவரி கோஸ்ட்டிலிருந்து போன உறுப்பினர் ஊஃபுவே புவான்யியின் பெயராலேயே அந்தச் சட்டம் அழைக்கப்படுகிறது. அதற்கு முன்னால், 1932இல் வடக்கே இருந்த அப்பர் வோல்ட்டா என்ற காலனியையே கலைத்து, அதில் பெரும்பகுதியை ஐவரி கோஸ்ட்டோடு சேர்த்தார்கள். தோட்டங்களுக்கும் ரயில்பாதைக்கும் ஆள் வேண்டும், ஆள் அங்கே இருந்தார்கள் என்பது அதற்கு ஒரு முக்கியக் காரணம். அபிஜானின் நவீனம் என்று நாம் படத்தில் பார்க்கும் ரயில், சாலை, துறைமுகம் எல்லாம் இந்த வருடங்களுக்கு நடுவே எழுந்தவை.

கட்டுமானத்தைக் காட்டும் படங்கள் பொய் சொல்ல வேண்டிய தேவையே இல்லை. 2.7 கிலோமீட்டர் என்பது உண்மை. 370 மீட்டர் உண்மை. நாங்களும் அறிக்கைக்குப் புகைப்படம் எடுக்கும்போது தூணின் பக்கத்தில் ஒரு ஆளை நிறுத்துவோம். தூண் எவ்வளவு உயரம் என்று பார்க்கிறவருக்குத் தெரிய வேண்டுமே, அதற்காக. அந்த ஆள் அங்கே அளவுகோல். அவருக்குப் பல்வலியா, ஊரில் கடனா என்று அளவுகோலிடம் யாரும் கேட்பதில்லை.

ரூஷின் படத்தில் இது தலைகீழாகிறது. துறைமுகமும் கப்பலும் பாலமும் பின்னால் போய்விடுகின்றன. முன்னால் ஒரு ஆள், பொறாமையோடு, பசியோடு, திரைப்பட நடிகரின் பெயரோடு. மதியம் சாப்பிட்டுவிட்டு அவர்கள் தூங்குவதையும் கேமரா பொறுமையாகப் பார்க்கிறது. சிமெண்டுப் பையில் தலைவைத்துத் தூங்கியவரை நான் வெட்டியது அந்த இடத்தில்தான் ஞாபகம் வந்தது.

ரூஷும் சிவில் இஞ்சினியர் என்று பிறகுதான் தெரிந்துகொண்டேன். பாலமும் சாலையும் கட்டப் படித்துவிட்டு 1941இல் நைஜருக்குச் சாலை போடப் போனவர். கட்டாய உழைப்பில் வந்தவர்களை வைத்துத்தான் அந்தச் சாலை வேலையும் நடந்தது. என்னைவிடச் சின்ன வயதில் என்னைவிட மோசமான ஒரு தளத்தில் மேற்பார்வையாளராக நின்றிருக்கிறார். பிறகு அளவு நாடாவை வைத்துவிட்டுக் கேமராவை எடுத்தார்.

*

சரி, ரூஷ் நல்லவர், நான் கெட்டவன் என்று முடித்துவிடலாமா? முடியாது. ஒரு மனிதனுக்குப் படத்தில் முகமும் குரலும் கொடுத்துவிட்டால் கடன் தீர்ந்துவிடுமா?

இன்னொருவரை இங்கே சேர்த்துப் பார்க்க வேண்டும். 1949இல் ரெனே வோத்தியே என்ற இருபத்தொரு வயது இளைஞரை ஒரு பிரெஞ்சுக் கல்வி அமைப்பு மேற்கு ஆப்பிரிக்காவுக்கு அனுப்பியது. பள்ளிப் பிள்ளைகளுக்குக் காட்ட, காலனியில் மக்கள் எப்படி வாழ்கிறார்கள் என்று படமெடுத்து வர வேண்டும். அவர் ஐவரி கோஸ்ட்டின் வடக்கே, வரி பாக்கிக்காக ராணுவம் தாக்கிய கிராமத்தைப் படமெடுத்தார். அன்றைய சூடானில் ஓர் அணையின் மதகுகளை ஆட்கள் கையால் முறுக்கித் திறப்பதை எடுத்தார். மின்சாரத்தைவிட மனிதன் மலிவு என்பதுதான் அங்கே கணக்கு. காலனிகளில் அனுமதியில்லாமல் படமெடுக்கக் கூடாது என்ற 1934ஆம் வருட லவால் ஆணையின் கீழ் அவர்மேல் வழக்கு. சுருள்களில் பெரும்பகுதி பறிபோனது. மிஞ்சியதை வைத்துச் செய்த ‘அஃப்ரீக் 50’ என்ற குறும்படம் நாற்பது வருடத்துக்கு மேல் தடையில் இருந்தது. அவர் சிறைக்கும் போனார்.

வோத்தியேயின் படத்தில் கம்பெனிகளின் பெயர் வருகிறது, லாபக் கணக்கு வருகிறது. யார் யாரைச் சுரண்டுகிறார்கள் என்று விரல் நீட்டிச் சொல்கிறார். ஆனால் சொல்வது முழுக்க அவர் குரல்தான். கிராமத்து மனிதர்கள் பேசுவதில்லை. ரூஷின் படத்தில் ராபின்சன் பேசிக்கொண்டே இருக்கிறார். ஆனால் மூட்டை யாருடையது, கூலி ஏன் அவ்வளவுதான் என்று படம் விடாப்பிடியாகக் கேட்பதில்லை. படத்தைத் தொடங்கிவைத்து, இந்த இளைஞர்கள் யார் என்று நமக்கு முதலில் விளக்குவதும் ரூஷின் குரல். எந்தக் காட்சி இருக்கும், எது போகும் என்று முடிவெடுத்ததும் அவர்தான்.

செனகலின் ஊஸ்மான் செம்பேன் 1965இல் ரூஷோடு நேருக்கு நேர் உட்கார்ந்து பேசியபோது, எங்களைப் பூச்சிகளைப் பார்க்கிற மாதிரி பார்க்கிறீர்கள் என்று சொன்னது பிரபலம். ஆனால் அதே உரையாடலில் ‘முவா, அன் நுவா’ரை அவர் தனியாக வைத்துப் பேசினார். அப்படியொரு படத்தை ஓர் ஆப்பிரிக்கரே எடுத்திருக்க முடியும், அன்றைக்கு எங்களில் யாருக்கும் அதற்கான வசதி இல்லை என்பது அவர் கருத்து. பாராட்டும் குற்றச்சாட்டும் அதற்குள் சேர்ந்தே இருக்கின்றன. கேமரா யார் கையில் இருந்தது என்பதுதான் விஷயம்.

கான்டாவுக்கும் அந்தப் படத்தில் முழுத் திருப்தி இல்லை. பத்து வருடம் கழித்து அவரே ‘கபாஸ்காபோ’ என்ற படத்தை எடுத்தார், அவரே நடித்தார். இந்தோசீனாவிலிருந்து ஊர் திரும்பும் சிப்பாயின் கதை. ராபின்சன் காயலோரத்தில் சில நிமிடம் நடித்துக் காட்டிய அதே வாழ்க்கைதான். இந்தத் தடவை எதை வைப்பது, எதை விடுவது என்பது அவர் முடிவு. 1972இல் வாகடூகு திரைப்பட விழாவின் முதல் பரிசு அவருடைய இன்னொரு படத்துக்குக் கிடைத்தது.

இதிலிருந்து எனக்கு ஒரு அளவுகோல் கிடைத்த மாதிரி இருந்தது. படத்தில் ஒருவர் இருக்கிறாரா, பேசுகிறாரா என்பதோடு நின்றால் போதாது. ‘இதை எடுத்துவிடு’ என்று அவரால் சொல்ல முடிகிறதா? சொன்னால் நடக்கிறதா? கான்டாவால் ஒரு தடவை வாய்திறந்து பேச முடிந்தது. அந்தப் பேச்சையும் சேர்த்து வெட்டித் தைக்கும் கத்தரி கைக்கு வரப் பத்து வருடம் ஆனது.

*

இத்தனையும் யோசித்தபிறகு பிராயச்சித்தம் மாதிரி ஒரு வேலை செய்தேன். வெட்டிப்போட்ட துண்டுகளை எடுத்து, என் சொந்த நேரத்தில் இன்னொரு வீடியோ தயாரித்தேன். கம்பிக்கட்டு தூக்கும் இருவர், தூங்குகிறவர், கான்கிரீட் தெறித்த முகங்கள். தஞ்சாவூர் அண்ணன் அதில் மூன்று இடத்தில் வந்தார். ஞாயிற்றுக்கிழமை லிட்டில் இந்தியாவில் தேநீர் வாங்கிக்கொடுத்து, கைப்பேசியில் காட்டினேன். உள்ளூர ஒரு பெருமை. கண் கலங்குவார் என்றுகூட எதிர்பார்த்தேன்.

பேசாமல் பார்த்து முடித்தார். பிறகு, “சார், இத யாருக்காச்சும் அனுப்பிட்டீங்களா?” என்றார்.

“இல்லண்ணே.”

“அனுப்பிடாதீங்க சார். ஊர்ல நான் கிரேன் ஓட்டுறேன்னு சொல்லி வெச்சிருக்கேன். பொண்ணு ஸ்கூல்ல அப்படித்தான் சொல்லிக்கிட்டுத் திரியுது. இது எப்படியாச்சும் சுத்தி அங்க போயிரும்.”

அவர் முன்னாலேயே அழித்தேன். தேநீர் ஆறிப்போயிருந்தது.

வீட்டுக்குப் போகும் ரயிலில் இரண்டு விதமாக யோசனை ஓடியது. அவர் வெட்கப்பட வேண்டியதில்லை, அந்த வெட்கத்தை அவருக்குக் கொடுத்தது நாம்தான் என்று ஒரு பக்கம். தோளில் கம்பி சுமக்கிறவனைவிடக் கிரேன் ஓட்டுகிறவன் மேல் என்று ஊரும் சொல்கிறது, நகரமும் சொல்கிறது, சம்பளச் சீட்டும் சொல்கிறது. அவர் தன்னை மறைத்துக்கொண்டால் யாருக்கு வசதி? என் முதல் வீடியோவுக்குத்தான். நான் வெட்டினேன், அவரும் வெட்டச் சொல்கிறார். இரண்டும் ஒன்றாக வந்து முடிகின்றன.

மறுபக்கம், இரண்டும் ஒன்றாகுமா? நான் வெட்டியபோது அவரைக் கேட்கவில்லை. சேர்த்தபோதும் கேட்கவில்லை. முதல் வீடியோவில் கம்பெனிக்குத் தேவையான ஆளாக அவரை இல்லாமலாக்கினேன். இரண்டாவதில் என் மனசாட்சிக்குத் தேவையான ஆளாக அவரைக் கொண்டுவந்து நிறுத்தினேன். அங்கேயும் அவர் அளவுகோல்தான், இந்தத் தடவை என் நல்ல மனசு எவ்வளவு உயரம் என்று காட்ட.

ட்ரெஷ்வில் இளைஞர்கள் ஏன் தங்கள் சொந்தப் பெயரில் வரவில்லை என்பது எனக்கு அப்போதுதான் கொஞ்சம் புரிந்தது. படம் பார்த்த அன்றைக்கு, பாவம், ஹாலிவுட் மயக்கம் என்று நினைத்தேன். காலனி அவர்களுக்கு வைத்த பெயர் கூலி, வெளியூரான். அதற்குப் பதிலாக அவர்கள் தாங்களே தேர்ந்தெடுத்த பெயர் ராபின்சன். எங்கள் அண்ணன் தேர்ந்தெடுத்தது கிரேன் ஓட்டுநர். அந்தப் பெயர் பொய்யாக இருக்கலாம். அதைக் கழற்றுகிற உரிமை, எவ்வளவு நல்ல நோக்கத்தோடு வந்தாலும், எனக்கு இல்லை. ரூஷ் செய்ததில் எனக்கு மிகப் பிடித்த விஷயமும் இதுதான். ராபின்சனின் உண்மையான பெயரைச் சொல்லி அவனை ‘மீட்க’ அவர் முயலவில்லை. ராபின்சனாகவே பேசவிட்டார்.

அந்த வெட்கம் நியாயம் என்று நான் சொல்ல வரவில்லை. அதை மாற்ற வேண்டும், சம்பளச் சீட்டிலிருந்து தொடங்கி. ஆனால் அதற்கான போராட்டத்துக்கு அவர் முகத்தை அவரைக் கேட்காமல் பதாகையாக்க முடியாது. இந்தக் கட்டுரைக்கும் அதே விதி என்பதால் அவரிடம் சொன்னேன். “எழுதிக்கங்க சார், பேரு ஊரு போடாதீங்க” என்றார். தஞ்சாவூரும் கிரேனும் நான் மாற்றி எழுதியவை. மாற்றி எழுதியதை அவருக்கு வாசித்தும் காட்டினேன். கிரேனுக்குச் சிரித்தார்.

அன்றைக்கே இன்னொன்றும் கேட்டார். “அந்தத் துறை மேல நின்னு ஒரு போட்டோ எடுத்துக் குடுங்க சார். ஹெல்மெட் வேணாம். நல்ல சட்டை ஒண்ணு இருக்கு, போட்டுட்டு வர்றேன்.”

ஒப்படைத்த பிறகு உள்ளே போக அனுமதி அட்டை வேண்டும். அவருடையது காலாவதியாகிவிட்டது. என்னுடையதும்தான். கடைசியில் எதிர்க்கரையில் இருக்கும் பூங்காவிலிருந்து எடுத்தோம். வெளிர்நீலச் சட்டை, கையை மடித்துவிட்டிருந்தார். நாலு படம் எடுத்தேன். ஒவ்வொன்றாகத் தள்ளிப் பார்த்து மூன்றை அழிக்கச் சொன்னார். மிஞ்சிய ஒன்றில் அவர் தோளுக்குப் பின்னால், நாங்கள் பத்து மாதம் கட்டிய துறை விரல் நீளத்துக்குத் தெரிகிறது.